வயலின் இல்லாத சாவுகள்

பான்,
மார்ச் 16, ஞாயிறு

அன்புள்ள அப்பாவுக்கு,

மகள் பிறின்சி வணக்கத்துடன் எழுதுவது. நானும் அம்மாவும் சுகமாக இருக்கிறோம். யோசப் பெரியப்பாவின் காலில் தையல் பிரித்தாயிற்றா என்று அம்மா கேட்கச் சொன்னா. கடிதத்தின் தலையில் சிலுவை போட வேண்டும் என்றும் சொன்னா. போட்டிருக்கிறேன்.

தொலைபேசியில் நான் 'ஓம்', 'இல்லை' என்ற இரண்டையும் தவிர வேறொன்றும் பேசுவதில்லை என்று நீங்கள் குறைப்பட்டதால்தான் எழுதுகிறேன். எழுதி முடித்ததும் படம் பிடித்து, பெரியப்பா வீட்டில் நிஷாந்தன் அண்ணாவின் போனுக்கு அனுப்புவேன். தாள் பின்னால் தபாலில் வரும். பிழைகளுக்குச் சிவப்பால் வட்டம் போட்டுத் திருப்பி அனுப்ப வேண்டாம்.

மன்னாரில் விசாரிக்கிறவர்களிடம் நீங்கள் "மகள் சினிமாவில இருக்கிறாள்" என்று சொல்கிறீர்களாம். தயவுசெய்து அப்படிச் சொல்லாதீர்கள். நான் பெட்டி திறக்கிறேன். இங்கே பானில், திரைப்பட ஆவணக் காப்பகத்தின் கீழ்த்தளத்தில், ஜன்னல் இல்லாத அறையில், நாற்பத்தாறு பெட்டிகள். எல்லாம் ஒரே மனிதருடையவை. ஒவ்வொரு தாளையும் எடுத்துத் தூசி தட்டி, அது என்ன, எந்த ஆண்டு என்று எழுதி, வேறு உறையில் போடுகிறேன். பல்கலைக்கழகத்தில் ஐந்து வருடம் படித்தது இதற்குத்தான் என்று அம்மாவுக்கு விளங்கப்படுத்த இன்னும் என்னால் முடியவில்லை. "லைபிறரியில நிக்கிறாள்" என்று அவ தன்பாட்டில் முடிவெடுத்துவிட்டா.

அந்த மனிதரின் பெயர் ஃபௌஸ்தினோ டிமாயுகா. பிலிப்பைன்ஸ்காரர். மணிலாவில் முப்பது வருடங்களில் நூற்றுப் பன்னிரண்டு படங்களுக்கு இசையமைத்தவர். அவற்றில் முப்பத்தொன்றில் நடித்தும் இருக்கிறார். பதினான்கில் பாதிரியார், ஒன்பதில் டாக்டர், மிச்சத்தில் நீதவான் அல்லது யாரோ ஒருவருடைய தகப்பன். எல்லாம் சின்ன வேடம், மூன்று நிமிடத்துக்கு மேல் இல்லை. வருவார், கதாநாயகி உண்மையில் யாருடைய பிள்ளை என்று சொல்லுவார், பெரும்பாலும் இருமிக்கொண்டு செத்துப்போவார். அவருடைய மகள் லாரா தாதியாக ஜெர்மனிக்கு, எங்கள் எசனுக்கு வந்தவர். மனைவி இறந்த பிறகு அவரும் மகளிடம் வந்து, எங்கள் வீட்டிலிருந்து நாலு தரிப்பிடம் தள்ளிப் பதினேழு வருடம் வாழ்ந்து, அங்கேயே இறந்துபோனார். எசனில் அவரை யாருக்கும் தெரியாது. நீங்கள் அவரோடு ஒரே டிராமில் நின்றிருக்கக்கூடும்.

என் மேலதிகாரி ஹில்ஷர் அம்மையார்தான் அவரைக் கண்டுபிடித்தவர். முப்பத்தொரு படங்களையும் தேடி எடுத்துப் பார்த்தபோது அவர் ஒன்றைக் கவனித்திருக்கிறார். டிமாயுகா திரையில் தோன்றும் இடங்களில் இசை இல்லை. அவர் கதவைத் திறந்து உள்ளே வந்ததும் வயலின்கள் நின்றுவிடும். அவர் செத்த பிறகுதான் மறுபடி தொடங்கும். ஒரேயொரு படம் மட்டும் விதிவிலக்கு. தன் முகத்துக்குத் தானே இசை போட்டுக்கொள்ளக் கூசிய பெரிய கலைஞனின் அடக்கம் இது என்று ஹில்ஷர் அம்மையார் நீண்ட கட்டுரை எழுதியிருக்கிறார். மே மாதம் எசனில் ஒரு சின்னத் திரையரங்கில் ஐந்து படங்கள் காட்டப்போகிறோம். தலைப்பு: இசையமைப்பாளரின் மௌனம். அதற்கு ஒரு கையேடு அச்சாகிறது. கட்டுரை அவருடையது, படங்களின் கால அட்டவணை என்னுடையது. அட்டவணையின் கீழே என் பெயர் வரும். இன்னாசித்தம்பி என்ற உங்கள் பெயரோடு சேர்த்துத்தான். எங்கள் வீட்டுப் பெயர் அச்சில் வருவது இதுதான் முதல் தடவை என்று நினைக்கிறேன்.

இனி நீங்கள் ஒவ்வொரு முறையும் கேட்கும் விஷயம். என் ஒப்பந்தம் ஜூன் முப்பதோடு முடிகிறது. ஹில்ஷர் அம்மையார் இன்னும் இரண்டு வருடம் நீடிக்கச் சிபாரிசு செய்திருக்கிறார். உயிர்ப்பு ஞாயிறு கழிந்து செவ்வாய்க்கிழமை தாள் வரும் என்றார். இரண்டு வருடத்துக்குப் பிறகு நிரந்தரமாக்கும் வாய்ப்பும் இருக்கிறதாம். கிடைக்காவிட்டால் வேலை அலுவலகத்தில் ஒரு டெர்மினுக்கு நேரம் எடுத்து, எண் அட்டையோடு காத்திருக்க வேண்டியதுதான். இந்தத் துறையில் ஜெர்மனி முழுவதிலும் இருக்கும் இடங்களை இரண்டு கைவிரல்களில் எண்ணிவிடலாம்.

பெரியப்பாவைப் பார்த்துக்கொள்ள மூன்று மாதம் என்று மன்னாருக்குப் போனீர்கள். ஏழு மாதமாகிறது. அம்மா காலண்டரில் கோடு போட்டுக்கொண்டு வருகிறா.

உங்கள் அன்பு மகள்,
பிறின்சி



எசன்,
ஏப்ரல் 13, குருத்து ஞாயிறு

அன்புள்ள அப்பாவுக்கு,

பூசை முடிந்து வந்து அம்மாவின் சமையலறை மேசையில் இருந்து அவசரமாக எழுதுகிறேன். பெரியப்பா ஊன்றுகோலோடு நடக்கிறார் என்று நிஷாந்தன் அண்ணா அனுப்பிய வீடியோ பார்த்தோம். பின்னால் வேலியோரம் நீங்கள் வெயிலில் தொப்பி இல்லாமல் நிற்பதைப் பார்த்து அம்மா கோபித்தா.

உங்களிடம் ஒரு யோசனை கேட்க வேண்டும். நாளைக்குள் பதில் வேண்டும்.

வெள்ளிக்கிழமை அட்டவணையின் கடைசிப் பகுதியைச் சரிபார்த்துக்கொண்டிருந்தேன். ஒவ்வொரு படத்துக்கும் படப்பிடிப்பு நாட்கள் ஒரு பெட்டியிலும், இசைப்பதிவு நாள் இன்னொரு பெட்டியிலும் கிடக்கின்றன. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து யாரும் பார்த்ததில்லை. நான் வைத்தது ஒழுங்குக்காகத்தான். 1963ஆம் ஆண்டுப் படம் ஒன்றில் வாத்தியக் குழு ஆகஸ்ட் பதினோராம் தேதி வாசித்து முடித்து வீட்டுக்குப் போய்விட்டது. டிமாயுகா பாதிரியாராக நடித்த காட்சி எடுக்கப்பட்டது ஆகஸ்ட் பதினான்கில். தேதியில் பிழை என்று நினைத்தேன். அடுத்த படத்தைப் பார்த்தேன். அதிலும் அப்படியே. இரண்டு தேதியும் தெரிந்த படங்கள் இருபத்திரண்டு. இருபத்தொன்றில் இசைப்பதிவு முடிந்த பிறகுதான் அவருடைய காட்சி எடுத்திருக்கிறார்கள். மிச்சம் இருக்கிற ஒன்று, ஹில்ஷர் அம்மையார் சொல்லும் அந்த விதிவிலக்கு. அதில் அவருக்கு ஆரம்பத்திலேயே டாக்டர் வேடம் கொடுத்திருந்தார்கள், முதல் வாரமே எடுத்துவிட்டார்கள். அந்தக் காட்சியில் அவர் மூக்குக்கண்ணாடியைத் துடைப்பதற்குக்கூட வயலின் இருக்கிறது.

நேற்றுப் பின்னேரம் உரிமைப் பத்திரத்தில் கையெழுத்து வாங்க லாராவின் வீட்டுக்குப் போக வேண்டியிருந்தது. "ஒரு மனுசியின்ர வீட்டுக்கு வெறுங்கையோடயே போறது?" என்று அம்மா ஒரு பெட்டி பயத்தம்பணியாரம் கட்டித் தந்தா. லாராவுக்கு அறுபத்தைந்து வயதிருக்கும், ஓய்வு பெற்றுவிட்டார். 'தீத்தா லாரா' என்று கூப்பிடச் சொல்லுகிறார். அவர்கள் மொழியில் மாமி மாதிரி. கையெழுத்துப் போட்டு முடிந்ததும், அவருடைய அப்பா மிகவும் அடக்கமானவராக இருந்திருக்க வேண்டும் என்று மரியாதைக்குச் சொன்னேன். சொல்லிவிட்டுத் தேதிகளைப் பற்றியும் சொன்னேன். நான் ஒரே மூச்சில் இவ்வளவு பேசியது எனக்கே புதிது.

அவர் சிரித்த சிரிப்பில் தட்டைக் கீழே வைக்க வேண்டியதாயிற்று. "அடக்கமா? எங்கள் அப்பாவா? படம் தொடங்கும்போது பெயர் எத்தனை வினாடி நிற்கிறது என்று கடிகாரம் பிடித்துப் பார்க்கிறவர்!" என்றார்.

நடந்தது இதுதான் அப்பா. படம் வெட்டி ஒட்டி, இசையும் சேர்த்த பிறகு விநியோகஸ்தருக்குப் போட்டுக் காட்டுவார்களாம். படம் பத்து நிமிடம் குறைகிறது, அல்லது கதை விளங்கவில்லை என்று அவர் சொல்லுவார். நடிகர்கள் எல்லாரும் வேறு படத்துக்குப் போய்விட்டிருப்பார்கள். அந்தக் கட்டடத்தில் மிச்சமாக இருக்கிறவர் இசையமைப்பாளர் ஒருவர்தான். அவருக்கு ஒரு கறுப்பு அங்கியைப் போட்டுவிட்டு, "நீர்தான் பாதிரியார், அவள் யாருடைய மகள் என்று சொல்லிவிட்டுச் செத்துவிடும்" என்பார்களாம். பாதிரியாரும் டாக்டரும் எந்தக் கதைக்குள்ளும் கதவைத் திறந்துகொண்டு வரலாம் அல்லவா? வாத்தியக்காரர்களை மறுபடி கூப்பிடக் காசு இல்லை. ஆகவே இசை இல்லை. "இன்றைக்கும் செத்தேன், லாரா. ஒரு வயலின்கூட இல்லை" என்று வாசலில் நின்று சப்பாத்தைக் கழற்றிக்கொண்டே சொல்லுவாராம்.

ஹில்ஷர் அம்மையாரிடம் ஏன் இதைச் சொல்லவில்லை என்று கேட்டேன். "அவர் என்னிடம் கேட்கவில்லையே, பிள்ளை. அவர் எனக்குச் சொன்னார். நான் கேட்டுக்கொண்டிருந்தேன்" என்றார். பிறகு, இப்போது சொன்னால் படங்களைக் காட்டாமல் விட்டுவிடுவார்களா என்று கேட்டார். பதினேழு வருடம் இந்தத் தெருவில் அவரைத் தாதியின் தகப்பன் என்றுதான் தெரியும், இங்கே சுவரொட்டியில் அவர் பெயர் வருவது இதுதான் முதல் தடவை என்றார்.

இன்னொன்றும் இருக்கிறது. முப்பத்தொன்பதாம் பெட்டியில் 'இனங்காணாத குறிப்புகள்' என்று நாங்கள் பெயர் வைத்த இசைத்தாள்கள் உண்டு. சின்னச் சின்னத் துண்டுகள். தலைப்பில் நேரம் மட்டும் இருக்கும்: 2 நிமிடம் 40, 2 நிமிடம் 5 என்று. அது என்ன என்று லாராவிடம் கேட்டேன். வீட்டுக்கு வந்து பியானோவில் இருந்து, எடுத்து முடிந்த காட்சிக்கு இசை எழுதுவாராம். யாரும் வாசிக்கப்போவதில்லை என்று தெரிந்தும் எழுதுவாராம். இன்று விடியக் கணினியில் ஐந்து காட்சிகளை ஓடவிட்டு நேரம் பிடித்துப் பார்த்தேன். ஐந்தும் வினாடி பிசகாமல் பொருந்துகின்றன.

வியாழக்கிழமை கையேடு அச்சுக்குப் போகிறது. ஒப்பந்தத் தாள் அதற்குப் பிறகு, அடுத்த செவ்வாய்தான் வரும். இப்போது சொன்னால் ஹில்ஷர் அம்மையாரின் கட்டுரை முழுவதும் விழுந்துவிடும், நிகழ்ச்சியின் தலைப்பும் விழுந்துவிடும். அவர் என்மேல் என்ன நினைப்பார் என்று தெரியவில்லை. சொல்லாமல் விட்டால், பிழையான கட்டுரைக்கு அடுத்த பக்கத்தில் என் பெயர் இருக்கும். அம்மாவிடம் கேட்டேன். "உன்ர கொப்பரைக் கேள், அவருக்குத்தான் வேலை இடத்து விசயம் தெரியும்" என்றா.

நான் என்ன செய்யட்டும்?

உங்கள் அன்பு மகள்,
பிறின்சி



பான்,
மே 18, ஞாயிறு

அன்புள்ள அப்பாவுக்கு,

ஒரு மாதமாக எழுதாமல் இருந்ததற்கு மன்னிக்கவும். சுகமாகத்தான் இருக்கிறேன். அம்மாவுக்குத் தோள்வலி குறைந்திருக்கிறது. நீங்கள் அனுப்பிய மருந்தெண்ணெயாலா, டாக்டர் போட்ட ஊசியாலா என்பதில் அவவுக்கும் எனக்கும் கருத்து வேறுபாடு.

உங்கள் பதில் திங்கள் இரவே வந்தது. "பிள்ளை, கையெழுத்து விழும்வரைக்கும் வாயைத் திறக்காதே. விழுந்தாப் பிறகு ஆறுதலாச் சொல்லலாம். செத்த மனுசன் எழும்பி எங்கயும் போகமாட்டார். ஆசுப்பத்திரிச் சமையலறையில இருவத்தாறு வருசம் நான் அப்பிடித்தான் நிண்டனான்" என்று எழுதியிருந்தீர்கள். அன்றைக்கு அதை வாசித்தபோது எனக்கு நிம்மதியாக இருந்தது. அதையும் சொல்ல வேண்டும்.

பெரிய வியாழன் காலையில் ஹில்ஷர் அம்மையார் கையேட்டின் கடைசிப் பிரதியோடு என் அறைக்கு வந்தார். "திருத்தம் ஏதாவது இருக்கிறதா?" என்று கேட்டார். இல்லை என்றேன். அவர் நன்றி சொல்லிவிட்டுப் போனார். பத்து மணிக்கு அது அச்சுக்குப் போயிற்று.

அடுத்த செவ்வாய் ஒப்பந்தத் தாளை அவரே கொண்டுவந்து மேசையில் வைத்தார். உயிர்ப்பு ஞாயிற்றுக்கு வாங்கிய ஒரு சொக்கலேற் முயலையும் பக்கத்தில் வைத்தார். பேனாவை எடுத்தேன். கையெழுத்துப் போடும் இடத்தில் பெருக்கல் அடையாளம் போட்டிருந்தார். பேனாவை வைத்துவிட்டு, மேசை லாச்சியில் இருந்த தேதிகளின் பட்டியலை எடுத்து அவரிடம் கொடுத்தேன். லாரா சொன்னதையும் இசைத்தாள்களைப் பற்றியும் இரண்டு பக்கம் எழுதி அதோடு கொளுவியிருந்தேன். வாயால் சொல்ல வரவில்லை.

நின்றுகொண்டே முழுவதையும் வாசித்தார். இரண்டாம் தடவையும் வாசித்தார். கட்டுரை விழுந்ததற்கு அவர் முகம் மாறவில்லை அப்பா. ஒரு இடத்தில் சிரித்தார்கூட. கறுப்பு அங்கி என்ற இடமாக இருக்கும். பிறகுதான் கேட்டார்.

"இது உங்களுக்கு எப்போது தெரிந்தது?"

பதினோராம் தேதி என்றேன்.

"வியாழக்கிழமை நான் கேட்டேன்."

ஓம் என்றேன்.

"நீங்கள் இல்லை என்றீர்கள்."

அதற்கும் ஓம் என்றேன்.

"நான் பிழை விடலாம். பிழை விட்டால் எனக்குச் சொல்வதற்குத்தான் உங்களை இங்கே வைத்திருக்கிறேன்" என்றார். அவர் கத்தவில்லை. ஒப்பந்தத் தாளை எடுத்துக் கோப்பில் வைத்துக்கொண்டு போனார். முயலை விட்டுவிட்டுப் போனார். அடுத்த கிழமை ஒரு மின்னஞ்சல் வந்தது. ஒப்பந்தம் நீடிக்கப்படவில்லை. ஜூன் முப்பது கடைசி நாள். காரணம் எழுதியிருக்கவில்லை. நானும் கேட்கவில்லை.

நேற்று எசனில் முதல் படம் காட்டினார்கள். எண்பது கதிரைகளில் அறுபதுக்கு மேல் நிரம்பியிருந்தன. பாதிப்பேர் லாராவின் கோயில் ஆட்கள், மிச்சம் பல்கலைக்கழகத்தவர்கள். அம்மாவும் வந்து, கோட்டைக் கழற்றாமல், கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு இருந்தா. படத்துக்கு முன்னால் ஹில்ஷர் அம்மையார் மேடையேறினார். கையேட்டைத் தூக்கிக் காட்டி, பதினான்காம் பக்கத்திலிருந்து இருபதாம் பக்கம் வரை எழுதியிருப்பது பிழை, எழுதியவள் நான், தயவுசெய்து நம்ப வேண்டாம் என்றார். சபை சிரித்தது. உண்மையைக் கண்டுபிடித்தவர் இவர் என்று என் பெயரை முழுதாகச் சொன்னார். இன்னாசித்தம்பி என்பதை மூன்றாகப் பிரித்து, கவனமாகச் சொன்னார். எழும்பி நிற்கச் சொன்னார். நான் பாதி எழும்பினேன்.

பிறகு படம். ஒரு மணி நேரத்துக்குப் பிறகு டிமாயுகா பாதிரியாராக, விளக்கோடு குடிசைக்குள் வந்தார். வழக்கம்போல இசை நின்றது. அவர் கதாநாயகியிடம் அவளுடைய தகப்பன் பெயரைச் சொல்லத் தொடங்கினார். எனக்கு முன்வரிசையில் இருந்த லாரா அப்போது வாய் திறக்காமல் முனகத் தொடங்கினார். மிகவும் மெதுவாக. முதலில் அழுகிறாரோ என்று நினைத்தேன். பிறகுதான் விளங்கியது, அது முப்பத்தொன்பதாம் பெட்டியில் இருந்த 2 நிமிடம் 40, இந்தக் காட்சிக்கு அவர் எழுதி வைத்த இசை. சின்ன வயதில் வீட்டுப் பியானோவில் கேட்டிருப்பார். மாணவன் ஒருவன் திரும்பி "ஷ்ஷ்" என்றான். லாரா நிறுத்தவில்லை. பாதிரியார் தலை சாய்ந்தபோது அவரும் முடித்தார். "ஆர் பிள்ளை அங்க பாடுறது?" என்று அம்மா என் காதுக்குள் கேட்டா. லாரா மாமி என்றேன். "நல்லாப் பாடுறா. படத்தைத்தான் கெடுத்துப்போட்டா" என்றா.

வெளியே வந்ததும் லாரா என்னைக் கட்டிப்பிடித்தார். ஹில்ஷர் அம்மையார் கைகொடுத்தார். இசைத்தாள்களைப் படங்களோடு பொருத்திய பட்டியலை ஜூன் முடிவதற்குள் தர முடியுமா என்று கேட்டார். முடியும் என்றேன். அது என் வேலை. அதில் என் பெயர் இருக்கும்.

அப்பா, இதை வாசித்தபின் நீங்கள் என்ன நினைப்பீர்கள் என்று எனக்குத் தெரியும். நினைக்க வேண்டாம். வியாழக்கிழமை காலையில் அந்த அறையில் நீங்கள் இருக்கவில்லை. இல்லை என்று சொன்னது என் வாய். நீங்கள் நின்ற சமையலறையில் நீங்கள் சொன்னதுதான் சரியாக இருந்திருக்கும். இங்கே வேறு மாதிரி என்பது எனக்கும் அன்றைக்குத் தெரியாது. உங்கள் கடிதத்தைப் பற்றி ஹில்ஷர் அம்மையாரிடம் நான் சொல்லவில்லை, அம்மாவிடமும் சொல்லவில்லை.

வேலை போனதும் அம்மாவுக்கு இன்னும் தெரியாது. மேடையில் பெயர் சொன்னதை வைத்து, நிரந்தரமாகிவிட்டது என்று நினைத்துக்கொண்டு இருக்கிறா. அடுத்த சனிக்கிழமை எசனுக்குப் போய், முன்னால் இருந்து நானே சொல்லுவேன். அதற்குள் நீங்கள் தொலைபேசியில் முந்திவிட வேண்டாம். நிஷாந்தன் அண்ணாவையும் பேசாமல் இருக்கச் சொல்லுங்கள்.

எனக்காக யாரிடமும் வேலை கேட்க வேண்டாம். பெரியப்பாவை விட்டு வர முடியுமானால் வாருங்கள், முடியாவிட்டால் அதையும் அம்மாவிடம் நேரே சொல்லிவிடுங்கள். மடுமாதா உங்களுக்குத் துணையிருக்கட்டும். எதை எழுதாவிட்டாலும் பரவாயில்லை அப்பா, இந்தக் கடிதத்துக்கு மட்டும் பதில் போடாமல் இருந்துவிடாதீர்கள். ஒரு வரி போதும்.

என்றும் உங்கள் மகள்,
பிறின்சி